சந்தனம் பூசிய சான்றுப்பொருள்

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தொலைக்காட்சியில் ஒரு கௌபாய் படம் ஓடிக்கொண்டிருந்தது. வெள்ளைக்காரப் படம், தமிழ்க் குரல். கொள்ளைக்காரர்கள் தூக்கிப்போன தங்கப் பெட்டியைத் திருப்பி எடுக்க, தொப்பி வைத்த மூன்று பேரும் சொல் கேட்காத ஒரு கோவேறு கழுதையும் புறப்படுகிறார்கள். வழியெல்லாம் சிரிப்பு. ஆற்றில் விழுந்தால் சிரிக்கிறார்கள், சிறையில் போட்டால் சிரிக்கிறார்கள், சிறைச் சுவரைக் கழுதை உதைத்து இடித்தால் கழுதையும் சேர்ந்து சிரிக்கிறது.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. நீதவான் நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்து, பதிவாளராக ஓய்வு பெற்றவன் நான். அப்படிப்பட்டவனுக்கு எதைப் பார்த்தாலும் விடுபட்டதுதான் கண்ணில் படும். தங்கம் போனவன் முறைப்பாடு கொடுத்தானா? வாக்குமூலம் எழுதியது யார்? அந்த ஊர் ஷெரிப் வேலை நேரத்தில் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு தூங்குகிறார். அதைப் பற்றி ஒருவரும் மேலிடத்துக்கு எழுதவில்லை. மனைவி இருந்தவரை, "பேசாம படத்தப் பாருங்க" என்பாள். இப்போது அப்படிச் சொல்ல ஆளில்லை. அதனால் பேசுவதும் இல்லை.

அன்று படம் ஓடியது என் விருப்பத்தில் அல்ல. டயகமப் பக்கம், தேயிலைத் தோட்ட எல்லையை ஒட்டி, ஓய்வூதியத்தை நம்பிக் கட்டிய என் வீட்டுக்கு இரண்டு பேர் வந்திருந்தார்கள். ஒருவர் தோட்டத்து மாரியம்மன் கோயில் தலைவர். ஆட்களை வேலை வாங்கும் கணக்கப்பிள்ளையாக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்றது அவர் குரலுக்கு இன்னும் தெரியாது. மற்றவர் அதே கோயிலின் பூசாரி. வார நாட்களில் தொழிற்சாலை மாடியில் கொழுந்து வாட்டும் வேலை. தலைவர் நாற்காலியில் சாய்ந்து படத்துக்குள் போய்விட்டார். பூசாரி கதவோரம் தரையில் உட்கார்ந்துகொண்டார். நாற்காலியில் உட்காரச் சொன்னேன். "இருக்கட்டுங்க" என்றார். முன்பெல்லாம் உட்காருவார்.

மூன்று பேரும் பெட்டியைக் கண்டுபிடித்து, பூட்டை உடைத்து, மூடியைத் தூக்கும் நேரத்தில் மின்சாரம் போனது. எங்கள் பக்கம் மழை இருட்டிக்கொண்டு வந்தாலே போதும், கம்பி முந்திக்கொண்டு விழுந்துவிடும்.

"சே!" என்றார் தலைவர். பிறகு தொடையில் தட்டினார். "இப்புடித்தாங்க செய்யணும் கோட்டையா! நாலு ஆளச் சேத்துக்கிட்டுப் போயி, அம்மாவத் தூக்கிட்டு வந்துறணும்!"

தோட்டத்தில் எனக்குக் கோட்டையா என்றுதான் பெயர். கோட்டில், அதாவது நீதிமன்றத்தில், வேலை பார்த்த ஐயா.

"எங்க போயித் தூக்குவீங்க?" என்றேன். "அம்மன் கோட்டுல இருக்கு. இரும்புக் கதவு, முன்னால பொலிஸ்காரர். கழுதை ஒதைச்சா இடியாது."

விஷயம் இதுதான். கோயிலில் அம்மனுக்கு ஒரு வெள்ளி முகம் உண்டு. திருவிழாவில் கரகத்தின் முன்னால் வைத்துக் கட்டுவது அதைத்தான். அது திருட்டுப்போனது. போன வேகத்திலேயே கிடைத்தும் விட்டது: வேறு எதையோ தேடிப் பொலிசார் ஓர் ஆட்டோவை மறித்தபோது, சாக்குக்குள் இருந்தது. ஆட்டோக்காரர், யாரோ ஏற்றிவிட்ட மூட்டை என்றார். படத்தில் என்றால் இந்த இடத்தில் பாட்டுப் போட்டு முடித்திருப்பார்கள். எங்களுக்கு இங்கேதான் தொடங்கியது. திருடனிடமிருந்து பொருளை மீட்க ஒரு கழுதை போதும். சட்டத்திடமிருந்து மீட்க மனு, சட்டத்தரணி, அடையாளம் காணல், பிணை முறி எல்லாம் வேண்டும். என் காலத்தில் ஓர் ஆடு சான்றுப்பொருளாக வந்தது. வழக்கு முடிவதற்குள் குட்டி போட்டது. குட்டிகள் யாருடையவை என்று அடுத்த வழக்கு வந்தது.

தலைவருக்குத் திருவிழா கவலை. பூசாரியின் கவலை வேறு. கோயில் பூட்டு உடைபடவில்லை. சாவி அவர் குடியிருக்கும் லயத்துக் காம்பிரா வாசலில், ஆணியில் தொங்குவது. ஆணியைத் தோட்டம் முழுவதற்கும் தெரியும். ஆனாலும் சாவி யாருடையது என்று கேட்டால் ஒரு பெயர்தான் வரும்.

"பூட்டு ஒடையலிங்க" என்றார் தலைவர், ஜன்னல் பக்கம் பார்த்தபடி. "சாவிதான் தானா எறங்கி நடந்து போயிருக்கு."

கரகம் தூக்குவது பூசாரியின் குடும்பம். இந்த முறை வேறு ஆள் பார்ப்பது என்று கமிட்டி பேசிவைத்திருந்தது. அவர் மனைவி பீலிக்குத் தண்ணீர் பிடிக்கப் போனால், அங்கே குடத்தோடு நிற்கும் பெண்களின் பேச்சு நின்றுவிடுகிறது. இதை அவர் சொல்லவில்லை. என் வீட்டில் சமைத்துத் தருகிற அம்மா சொன்னாள். அவளும் பேச்சை நிறுத்தியவர்களில் ஒருத்தி.

எனக்கு இந்த வேலை வேண்டாம். முழங்கால் இரண்டும் மழைக்கு முன்பே மழையைச் சொல்கின்றன. பஸ் படி உயரம். இத்தனை வருடம் மற்றவர்களின் வழக்குகளுக்குள் உட்கார்ந்திருந்தவன், இனி என் நாற்காலியில் உட்காரலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் நடைமுறை தெரிந்தவன் ஊரில் இருப்பது, கிணறு தோண்டத் தெரிந்தவன் இருப்பதைப் போல. சும்மா இருக்க விடமாட்டார்கள்.

"சரி. வழக்கு முடியுற வரைக்கும் பிணையில தரச் சொல்லி மனுப் போடலாம்" என்றேன். "ஒங்க பொருள்னு அடையாளம் சொல்லணும். அவ்வளவுதான்."

அவ்வளவுதான் என்று நான் சொன்னது, இத்தனை வருட அனுபவத்தில் எனக்கு மிச்சமிருந்த அசட்டு நம்பிக்கை.

வழக்குத் தவணை நாளில் மூவரும் பஸ் ஏறினோம். தலைவர் வெள்ளை வேட்டி, கோட்டு, குடை. போட்டிருந்த கோட்டின் பையில் கைத்தொலைபேசி, அது நிறைய அம்மன் படங்கள். நீதவான் இளம் பெண். சிங்களத்தில்தான் பேசினார், நான் ஒரு காலத்தில் நின்ற இடத்தில் நின்று வேறொருவர் மொழிபெயர்த்தார். என்னைவிட வேகம். கொஞ்சம் அவசரம்.

பழுப்புத் தாளைப் பிரித்து முகத்தை மேசைமேல் வைத்தார்கள். யார் செய்த புண்ணியமோ, புளி போட்டுத் தேய்த்துப் பளபளவென்று ஆக்கியிருந்தார்கள். திருடியவர்கள் விற்பதற்குத் தேய்த்திருப்பார்கள். சிறிய, ஒடுங்கிய முகம். மெல்லிய உதடு. கண் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் மேடு. பின்பக்கத் துளையில் கயிறு போட்டு, அரக்கு முத்திரை வைத்து, அட்டைச் சீட்டு ஒன்று கட்டித் தொங்கியது.

"இது உங்கள் கோயிலுடையதா?"

தலைவர் மூக்குக்கண்ணாடியைப் போட்டுப் பார்த்தார். கழற்றிவிட்டுப் பார்த்தார். சுற்றி வந்து பார்த்தார்.

"இல்லீங்க" என்றார்.

எனக்கு முழங்கால் வலி மறந்துபோனது.

"எங்க அம்மா மொகம் நல்லா ரவுண்டா, மஞ்சளா, கண்ணு இந்தா இவ்வளவு பெருசா இருக்குங்க. இது என்னமோ நோயில படுத்து எந்திரிச்ச மாதிரி..." தொலைபேசியை எடுத்து நீட்டினார். "இந்தா பாருங்க. இதுதாங்க எங்க அம்மா."

நீதவான் பார்த்தார். மாலைகளுக்கு நடுவே மஞ்சள் உருண்டை ஒன்று. அதில் இரண்டு பெரிய கண்கள், ஒரு மூக்குத்தி. அடுத்த படத்திலும் அதேதான். மேசைமேல் இருப்பதற்கும் அதற்கும் உறவே இல்லை. ஆட்டோக்காரரின் சட்டத்தரணி புன்னகையுடன் எழுந்தார். பொருள் தங்களுடையது அல்ல என்று முறைப்பாட்டுக்காரரே சொல்லும்போது, திருட்டு எங்கே இருக்கிறது என்று மிகுந்த பணிவோடு கேட்டார். அவர் இடத்தில் நான் இருந்தாலும் கேட்டிருப்பேன்.

நீதவான் இன்னொரு தவணை கொடுத்தார்.

திரும்பும் பஸ்ஸில் தலைவர் முன்னால் உட்கார்ந்து, பக்கத்து ஆளிடம், கோட்டில் யாருடைய சாமியையோ கொண்டுவந்து தன் தலையில் கட்டப் பார்த்தார்கள் என்று சொல்லிக்கொண்டு வந்தார். பூசாரி என் பக்கத்தில். கொட்டகலை தாண்டியதும் என் பக்கம் திரும்பினார்.

"அது இல்லேன்னு சொல்லிட்டாரு. அப்ப அம்மா இன்னும் கெடைக்கலேன்னு ஆயிருச்சு" என்றார். "அப்ப நான் இன்னும் திருடன்தானுங்களே."

சட்டப்படி அப்படி இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். பீலிக்கரையில் சட்டம் செல்லாது. மூடிக்கொண்டேன்.

"நீங்க பூசாரி. நீங்க ஏன் எந்திரிச்சு இதுதான்னு சொல்லல?"

"எனக்கு எப்புடிங்க தெரியும்?"

"வருசா வருசம் கழுவுறது நீங்கதானே?"

என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "அம்மா குளிக்கிறப்ப பாப்பாங்களா கோட்டையா? திரையப் போட்டு, கண்ணக் கட்டிக்கிட்டுத்தான் கழுவுவேன். கட்டின கண்ணோடயே சந்தனம் சாத்தி, கண்ணு மூக்குத்தி எல்லாம் பதிச்சப்பறந்தான் அவுப்பேன். எங்கப்பாவும் அப்புடித்தான்."

நான் வெளியே பார்த்தேன். மூட்டத்தில் எதுவும் தெரியவில்லை. படித்தவனான எனக்கு இது தோன்றவேயில்லை: ஒரு தோட்டமே தலைமுறை தலைமுறையாகக் கும்பிட்ட முகத்தை, தோட்டத்தில் ஒருவரும் பார்த்தது கிடையாது. பார்த்தவன் திருடன் மட்டும்தான். அடையாளம் காட்ட அவனைத்தான் கூப்பிட வேண்டும்.

"அந்தக் கண்ணும் மூக்குத்தியும்?"

"அது தனிங்க. திருவிழா முடிஞ்சதும் கட்டின கண்ணோடயே கழட்டி எங்கிட்ட டப்பாவுல வச்சிருவேன். அத எடுக்கலியே."

சோர்வாக இருந்தாலும் மூளை தன் பழைய வேலையைச் செய்துவிடுகிறது. முகத்துக்கு அடையாளம் இல்லை, அலங்காரத்துக்குத்தான் அடையாளம். அப்படியானால் அலங்காரத்தைக் கோட்டுக்குக் கொண்டுபோக வேண்டும். சான்றுப்பொருளை மாற்றக் கூடாது என்பார்கள். நிறுத்துப் பார்த்து, படம் எடுத்து, பதிந்துவிட்டுப் பூசினால், கழுவினால் போகிற சந்தனம் மாற்றம் ஆகாது. சேற்றில் கிடந்த லொறியைக் கழுவி அடையாளம் காட்டவிட்டிருக்கிறோம். அங்கே அழுக்கை எடுத்தோம், இங்கே சந்தனத்தை வைக்கிறோம். எங்கள் சட்டத்தரணியிடம் சொன்னபோது, நான் வேடிக்கை பேசுகிறேனா என்று முகத்தைப் பார்த்தார். என் முகத்தில் அவருக்கு ஒன்றும் கிடைத்திருக்காது.

அடுத்த தவணைக்குப் பூசாரி சாப்பாட்டுக் காரியர் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தார். படத்தில் அந்த மூன்று பேர் மாவு மூட்டைக்குள் வெடிமருந்து வைத்துக் காவலைக் கடப்பார்கள். காவல்காரன் தும்முவான், எல்லோரும் சிரிப்பார்கள். எங்களைக் கோட்டு வாசலில் ஒரு பெண் பொலிஸ் மறித்தார். முதல் கிண்ணத்தில் அரைத்த சந்தனம். இரண்டாவதில் மஞ்சள், குங்குமம். மூன்றாவதில் பஞ்சுக்குள் ஏதோ இருக்க, அவர் விரலால் விலக்கினார். இரண்டு வெள்ளிக் கண்கள் அவரைப் பார்த்தன.

இது என்ன என்று சிங்களத்தில் கேட்டார்.

அம்மாவின் கண்கள் என்று பூசாரி தனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னார்.

அவர் மூடியை மூடிவிட்டு, போகச் சொன்னார். கையைக் காற்சட்டையில் துடைத்துக்கொண்டதாக ஞாபகம்.

தலைவர் அன்றும் வந்திருந்தார். நம்பிக்கையோடு அல்ல. "எந்த வீட்டுப் பிள்ளைக்கோ எங்க வீட்டுச் சட்டையப் போட்டா எங்க பிள்ளையாயிருமா?" என்று என் காதில் சொன்னார். நியாயமான ஆட்சேபம்தான். பதிந்துகொள்ளும்படி சொன்னேன்.

மனுவை வாசித்த நீதவான் பேனாவைக் கீழே வைத்துக் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு சரி என்றார். சான்றுப்பொருள் அறைக்குப் பொறுப்பானவர், ஒருகாலத்தில் என் கீழே வேலை பழகியவர், முகத்தை நிறுத்தார், படம் எடுத்தார். பூசாரி வெளியே குழாயில் கையும் காலும் கழுவி வந்து, மஞ்சள் துணியை எடுத்துக் கண்ணைக் கட்டிக்கொண்டார்.

கண்ணைக் கட்டிய மனிதர் மேசையைத் தடவித் தடவி முகத்தைத் தேடினார். கை பட்டதும் நின்றது. அட்டைச் சீட்டை மெதுவாகப் பின்பக்கம் ஒதுக்கிவிட்டு, சந்தனத்தை அள்ளி வைக்கத் தொடங்கினார். அந்த அறைக்கென்று ஒரு வாசம் உண்டு: நனைந்த குடை, பழைய தாள், காத்திருக்கும் மனிதர்கள். என் பாதி ஆயுளை அதற்குள் கழித்தேன். அன்று அதன் மேல் சந்தனம் ஏறியது. ஒடுங்கிய கன்னம் பருத்தது. உதடு தடித்தது. நெற்றியில் குங்குமம். பஞ்சிலிருந்து ஒரு கண்ணை எடுத்துக் கட்டைவிரலால் அழுத்தினார். அது யாரோ ஒருவருடைய கண்ணாகத்தான் இருந்தது. இரண்டாவது கண்ணை அழுத்தினார்.

"அய்யய்யோ, தாயே!"

தலைவர்தான். முழங்காலில் விழுந்தார், விழுந்த வேகத்தில் நெற்றி முன்னாலிருந்த மர வாங்கில் இடித்தது. "தாயே, ஒன்னயவா நான் இல்லேன்னேன்! நோயாளின்னேனே ஆத்தா!"

வேறு வழக்குகளுக்கு வந்து உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து நின்றுவிட்டார்கள். கூண்டில் நின்ற ஆட்டோக்காரர் இரண்டு கையையும் கூப்பினார். அவருடைய சட்டத்தரணி திரும்பி ஒரு முறை முறைத்தார். கை இறங்கவில்லை. அமைதி, அமைதி என்று கத்துவதற்கே சம்பளம் வாங்கும் பொலிஸ்காரர் கத்தவில்லை.

நான் கைகூப்பவில்லை. எனக்கு அந்தப் பழக்கம் விட்டுப்போய் வருடங்களாகிவிட்டன. ஆனால் கால் சில்லென்றது. குனிந்து பார்த்தால் செருப்பு வாங்குக்குக் கீழே கிடந்தது. எப்போது கழற்றினேன் என்று தெரியாது.

அடையாளம் காணப்பட்டது என்று பதியச் சொன்னார் நீதவான். பிணை முறியில் விடலாம். நிபந்தனைகள்: ஒவ்வொரு தவணைக்கும் பொருளைக் கொண்டுவந்து காட்ட வேண்டும், முத்திரையையும் சீட்டையும் அகற்றக் கூடாது, தொலைந்தால் கையெழுத்து வைத்தவரே பொறுப்பு. "யார் கையெழுத்து வைக்கிறீர்கள்?"

நெற்றியில் வீக்கத்தோடு நின்ற தலைவருக்குப் பக்தி கொஞ்சம் வடிந்தது. பொறுப்பு என்ற சொல்லை அவர் வாழ்நாள் முழுவதும் மற்றவர்களுக்குப் பிரித்துக் கொடுத்தே பழகியவர்.

"பூசாரி வைக்கட்டுங்க" என்றார்.

"அவரை நம்பலாமா?" என்று நீதவான் கேட்டதை மொழிபெயர்ப்பாளர் சொன்னார்.

"என்னாங்க இப்புடிக் கேட்டுட்டாங்க! சாவியே எப்பவும் இவருகிட்டத்தானுங்களே இருக்கும். அப்பாரு காலத்துலருந்து. இவர நம்பாம தோட்டத்துல வேற யார நம்புறதுங்க?"

மொழிபெயர்க்கப்பட்டது. பதியப்பட்டது. பூசாரி கண்கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தார். பாதியில் கை நின்றது. தலைவரை ஒருமுறை பார்த்தார். தலைவர் தன் நெற்றியைத் தடவிக்கொண்டிருந்தார். தான் என்ன சொன்னோம் என்று அவருக்குத் தெரிந்ததாகத் தெரியவில்லை. மன்னிப்பு என்று ஒன்றை அவரிடமிருந்து எந்தக் கழுதையாலும் உதைத்து வாங்கியிருக்க முடியாது. கையெழுத்துப் பயம் அதை வாங்கிக் கொடுத்தது. பூசாரி பேனாவைப் பிடித்து, தன் பெயரை மெதுவாக, ஒவ்வோர் எழுத்தாக எழுதினார்.

திருவிழாவில் கரகம் அவர் தலையில்தான் ஏறியது. வேறு ஆள் என்ற பேச்சை எடுத்தவர்களைக் கேட்டால், அப்படி யார் சொன்னது என்றார்கள். தப்பு முழங்க, லயத்துக்கு லயம் தண்ணீர் ஊற்றிக் காலைக் கழுவினார்கள். அவர் மனைவி கூட்டத்துக்கு முன்னால் நடந்தாள், பின்னால் அல்ல. நான் ரோட்டோரம் குடையோடு நின்று பார்த்தேன். அவர் சுழன்று ஆடும்போது பூவுக்குள்ளிருந்து வழக்கு இலக்கம் எழுதிய அட்டைச் சீட்டு வெளியே வந்து, சுழன்று, திரும்ப உள்ளே போனது. நிபந்தனை மீறப்படவில்லை.

வழக்கு இன்னும் முடியவில்லை. தவணைக்குத் தவணை அம்மன் கோட்டுக்குப் போகிறாள். பூசாரிக்கு அன்றைய பேர் விழாது. ஒரு நாள் சம்பளம் போனது போனதுதான். எனக்கு முழங்கால். ஒருநாள் சட்டத்தரணி வரவில்லை, ஒருநாள் சாட்சி வரவில்லை, ஒருநாள் எல்லோரும் வந்தோம், நீதவான் பயிற்சிக்குப் போயிருந்தார். போகாமல் இருக்கலாம், அவர் தனியாகச் சமாளிப்பார். விடியற்காலையில் வந்து, "கோட்டையா, கெளம்பலீங்களா?" என்று வாசலில் நிற்கிறார். நாற்காலியில் உட்காரச் சொன்னால், இப்போது உட்காருகிறார். கிளம்பிவிடுகிறேன்.

சென்ற தவணையும் ஒத்திவைப்புத்தான். திரும்பும்போது பஸ்ஸில் நெரிசல். ஒரு பிள்ளைத்தாய்ச்சி பெண் பூசாரியின் மடியிலிருந்த பையைப் பார்த்து, கீழே வைக்கலாமே என்றாள். "வைக்கக் கூடாதும்மா" என்று எழுந்து அவளுக்கு இடம் விட்டு, பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றார். வளைவுகளில் நான் அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டேன். கம்பியைப் பிடிக்க அவருக்குக் கை இல்லை.

"கோட்டையா" என்றார். "அன்னைக்குப் பாத்தமே அந்தப் படம். கரண்டு போச்சே. அந்தப் பொட்டிய கடைசில யாருங்க வச்சிருந்தாங்க?"

"கோட்டுல இருக்கும்" என்றேன். "தவணை போட்டிருப்பாங்க."

"அப்ப அந்தக் கழுத?"

"அதுவுந்தான்."

அவர் சிரித்தார். நின்றுகொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்குச் சிரித்தார். பஸ் அடுத்த வளைவில் திரும்பியது. நான் சட்டையை விடவில்லை.